இல்லாத தீவும் இருந்த ஊர்களும்: கிரேக்கப் பயணக் குறிப்புகள்

திங்கள், ஏதென்ஸ்

கற்பனையில் பிறந்த இயற்கைப் பேரழிவுகளில், அட்லாண்டிஸ் தீவு கடலில் மூழ்கிய கதையைப் போல் உலகெங்கும் பேசப்பட்டது வேறொன்று இருக்க முடியாது. அந்தத் தீவையும், அதை ஆண்ட பத்து அரசர்களையும், யானைகள் உலவிய அதன் சமவெளியையும், கடைசியில் அதன் அழிவையும் படைத்தவர் கிரேக்க மெய்யியலாளர் பிளாட்டோ. கி.மு. 360 அளவில் அவர் எழுதிய ‘டிமேயஸ்’, ‘கிரிட்டியாஸ்’ ஆகிய இரு உரையாடல்களுக்கு முற்பட்ட எந்த நூலிலும் அப்படியொரு தீவைப் பற்றிய பேச்சே கிடையாது. ஆகவே இந்தப் பயணத்தில் நான் அட்லாண்டிஸைத் தேடப் போவதில்லை. கடலும் நிலமும் உண்மையாகவே ஊர்களை விழுங்கிய இடங்களைப் பார்த்து, அந்தக் கற்பனைக்கும் அவற்றுக்கும் உள்ள உறவு எத்தகையது என்று அறிந்துகொள்வதே நோக்கம்.

முதலில் பிளாட்டோவின் கல்விக்கழகம் இருந்த இடத்துக்குச் சென்றேன். கி.மு. 387 அளவில் அவர் நிறுவிய அக்கழகத்தின் நிலம் இன்று நகரத்துக் குடியிருப்புகளின் நடுவே ஒரு பொதுப் பூங்காவாக இருக்கிறது. முழங்கால் உயரத்துக்கு மிஞ்சாத கற்சுவர்களும் ஒலிவ மரங்களும் அவற்றுக்கிடையே ஓடியாடும் குழந்தைகளுமாக இருந்த அந்த இடத்தில் அமர்ந்து, கொண்டுவந்த மொழிபெயர்ப்பில் அழிவைச் சொல்லும் பகுதியை மறுபடியும் படித்தேன்.

பஃறுளியாற்றையும் குமரிக்கோட்டையும் கடல் கொண்ட செய்தியைப் பள்ளிப் பருவத்திலேயே கேட்டு வளர்ந்த நமக்குக் கடல்கோள் என்பது புதிய செய்தி அன்று. ஆனால் பிளாட்டோவின் கடல்கோளில் என்னை வியக்கவைப்பது அதன் சுருக்கம். ஹெராக்ளீஸின் தூண்களுக்கு, அதாவது இன்றைய ஜிப்ரால்டர் நீரிணைக்கு, அப்பால் இருந்த அந்தப் பேரரசு ஏதென்ஸின் மீது படையெடுத்துத் தோற்றதையும், அதன் பின்னர் பெரும் நிலநடுக்கங்களும் வெள்ளங்களும் உண்டாகி, ஒரே பகலிலும் ஒரே இரவிலும் ஏதென்ஸின் வீரர்களை மண் விழுங்க, தீவைக் கடல் விழுங்கியதையும் அவர் இரண்டொரு வாக்கியங்களில் சொல்லி முடித்துவிடுகிறார். மற்றொரு நூலான ‘கிரிட்டியாஸில்’ மதில்களுக்குப் பூசிய உலோகம் முதல் கால்வாயின் நீளம் வரை அனைத்தையும் அளந்து சொல்லும் அவர், அரசர்கள் செருக்குற்றதால் அவர்களைத் தண்டிக்க எண்ணிய ஜீயஸ் தேவர்களைக் கூட்டிப் பேசத் தொடங்கினான் என்ற இடத்துக்கு வருகிறார். அங்கே நூல் நின்றுவிடுகிறது. ஜீயஸ் என்ன சொன்னான் என்பதற்கு ஒரு வரிகூட இல்லை.

ஆக, இத்தனை நூற்றாண்டுகளாக மக்கள் மனக்கண்ணில் கண்டுவரும் அந்த மாபெரும் அழிவை அதன் ஆசிரியர் எழுதவே இல்லை. ஓடியவர்கள், தப்பியவர்கள், உறவினரைத் தேடியவர்கள் என்று அதில் ஒருவரும் இல்லை. அதில் இருப்பது குற்றமும் அதற்கான தண்டனையும் மட்டுமே. பிளாட்டோவுக்கு வேண்டியது நல்லாட்சியைப் பற்றிய ஒரு வாதம்; அதற்கு அவ்வளவே போதுமாக இருந்தது. அதில் குறை காண எனக்கு ஒன்றுமில்லை. ஆனால் அந்த அச்சை எடுத்து உண்மையான ஊர்களின் மேல் பதித்தபோது என்ன நடந்தது என்பதை நாளை பார்க்கப்போகும் இடம் சொல்லும்.

செவ்வாய், ஹெலிகி

ஏதென்ஸிலிருந்து மேற்கே, கொரிந்து வளைகுடாவின் தென்கரையை ஒட்டியே ரயில் செல்கிறது. ஒருபுறம் கடல், மறுபுறம் சட்டென்று எழும் மலைகள், இடையில் குறுகிய சமவெளி. ஏகியோ நகரில் இறங்கி, அங்கிருந்து தென்கிழக்கே சில கிலோமீட்டர் காரில் சென்றால் செலினஸ், கெரினிதிஸ் என்னும் இரண்டு ஆறுகளுக்கு இடைப்பட்ட வண்டல் நிலம் வருகிறது. எலுமிச்சை, ஆரஞ்சு, ஒலிவத் தோட்டங்களும் சிற்றூர்களும் நிறைந்த இந்த நிலத்தின் அடியில்தான் ஹெலிகி இருக்கிறது.

கி.மு. 373ஆம் ஆண்டின் குளிர்காலத்தில் ஓர் இரவு, நிலநடுக்கம் இந்நகரை வீழ்த்தியது. தொடர்ந்து வந்த கடல் அதை மூடியது. அக்கேய நகரங்களின் கூட்டமைப்பில் முதன்மை பெற்றிருந்த ஊர், கடல் தேவன் பொசைடனின் கோயிலுக்குப் பெயர் பெற்ற ஊர், விடிவதற்குள் இல்லாமற் போயிற்று. அப்போது பிளாட்டோ ஐம்பதைக் கடந்தவராக ஏதென்ஸில் வாழ்ந்துகொண்டிருந்தார். அட்லாண்டிஸை அவர் எழுதியது அதற்குப் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பிறகுதான். பொசைடனைப் போற்றிய ஒரு நகரம், நிலநடுக்கம், வெள்ளம், ஒரே இரவு: கற்பனைக்கான மூலப்பொருள் அவருடைய காலத்திலேயே, சில நாள் பயணத் தொலைவிலேயே கிடந்தது. அவர் ஹெலிகியை நினைத்துத்தான் எழுதினார் என்று அறுதியிட்டுச் சொல்ல அவருடைய எழுத்தில் சான்று இல்லை. ஆனால் அந்தச் செய்தி எட்டாத கிரேக்கர் அன்று இருந்திருக்க மாட்டார் என்றே நான் கருதுகிறேன்.

அழிவுக்குப் பிறகு நடந்ததைப் பண்டைய புவியியலாளர் ஸ்ட்ராபோ எழுதிவைத்திருக்கிறார். அக்கேயர்கள் 2000 பேரை அனுப்பியும் இறந்தவர்களின் உடல்களை மீட்க முடியவில்லை. ஒரு நூற்றாண்டுக்கும் மேல் கழித்து அங்கு சென்ற அறிஞர் எரட்டோஸ்தனீஸிடம், நீருக்கடியில் பொசைடனின் வெண்கலச் சிலை கையில் கடற்குதிரையுடன் நின்றுகொண்டிருக்கிறது, அது வலைகளுக்கு ஆபத்தாக இருக்கிறது என்று படகோட்டிகள் சொன்னார்களாம். கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் வந்த பயண எழுத்தாளர் பவுசானியஸ், உப்புநீர் அரித்த சுவர்கள் நீருக்குள் தெரிவதைக் குறித்திருக்கிறார். அதன் பிறகு ஆறுகள் கொண்டுவந்த வண்டல் எல்லாவற்றையும் மூடிவிட்டது.

வளைகுடாவின் அடியில் நெடுங்காலம் தேடினார்கள்; ஒன்றும் கிடைக்கவில்லை. டோரா கட்சோனோபுலு, ஸ்டீவன் சோட்டர் ஆகியோர் வழிநடத்திய குழு, நகரம் கடலுக்குள் அல்லாமல் கடற்கழி ஒன்றுக்குள் அமிழ்ந்திருக்க வேண்டும் என்று பழைய நூல்களை நுணுக்கமாகப் படித்து முடிவுசெய்து, தேடலை நிலத்தின் மேல் திருப்பியது. 2001ஆம் ஆண்டில், கரையிலிருந்து உள்ளே தள்ளி, மண்ணுக்குக் கீழே அந்தக் காலத்துக் கட்டட இடிபாடுகளைக் கண்டார்கள். அவற்றின் மேல் படிந்திருந்த மண்ணில் கழியில் வாழும் நுண்ணுயிரிகளின் ஓடுகள் இருந்தன. அதே சமவெளியில் அதற்கு ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகள் முற்பட்ட மற்றொரு குடியிருப்பும் கிடைத்தது. அதுவும் இதே வகையில் அமிழ்ந்துபோனதற்கான அடையாளங்களுடன்.

ஒரு தோட்டத்தின் ஓரத்தில் அகழ்வுக்குழி ஒன்றின் விளிம்பில் நின்று பார்த்தேன். மேலே உழுத மண், அதன் கீழ் ஆற்றுச் சரளை, அதற்கும் கீழே ஈரம் கசியும் கருஞ்சாம்பல் நிறக் களிமண். மணலும் களியும் கலந்த இத்தகைய நிலம் நீரில் ஊறியிருக்கும்போது வலுவாக அசைக்கப்பட்டால், மணிகளுக்கு இடையிலுள்ள நீரின் அழுத்தம் ஏறி, மண் தன் உறுதியை இழந்து குழம்பைப் போலாகிவிடும். அதன் மேல் நிற்பவை அமிழும். கரையோர நிலம் கடலை நோக்கிச் சரியும். மலையடிவாரத்தில் ஓடும் ஹெலிகி நிலப்பிளவு இன்றும் ஓய்ந்துவிடவில்லை. 1861 டிசம்பரில் இதே கரையில் நேர்ந்த நிலநடுக்கத்தில் ஒரு நீண்ட கடற்கரைப் பட்டை தாழ்ந்து நீருக்குள் போயிற்று. 1995 ஜூன் மாதத்தில் ஏகியோவில் கட்டடங்கள் இடிந்து 26 பேர் இறந்தார்கள்.

இந்த விளக்கங்களை அறியாத பண்டைக் காலத்தவர் வேறொரு விளக்கம் தந்தார்கள். ஹெலிகி மக்கள், பொசைடனின் கோயிலில் அடைக்கலம் புகுந்தவர்களை வெளியே இழுத்துக் கொன்றதால் அவன் சினந்தான் என்கிறார் பவுசானியஸ். ஆசியக் கரையிலிருந்து வந்த அயோனியர்கள் வேண்டியதைக் கொடுக்க மறுத்ததால் வந்த வினை என்பது மற்றொரு கதை. மண்ணுக்கடியில் கிடக்கும் மக்கள் தங்கள் தரப்பைச் சொல்ல எழுந்து வர முடியாது. ஒரு குளிர்கால இரவில் உறங்கிக்கொண்டிருந்த குடும்பங்களைக் குற்றவாளிகளாக்கி, அந்தப் பழியையே இரண்டாயிரம் ஆண்டுகளாகப் படித்துவருகிறோம். அட்லாண்டிஸ் அரசர்களைத் தண்டித்ததில் யாருக்கும் இழப்பில்லை, ஏனெனில் அவர்கள் இருந்ததே இல்லை. இங்கே இருந்தவர்கள் மனிதர்கள். இந்த வேறுபாட்டை மறக்கக்கூடாது என்று இன்று அந்தக் குழியின் விளிம்பில் நின்றபோது மிக அழுத்தமாகத் தோன்றியது.

புதன், கப்பலில்

பிரேயஸ் துறைமுகத்திலிருந்து சாந்தோரினிக்குச் சாதாரணக் கப்பலில் ஏறத்தாழ எட்டு மணி நேரம் ஆகிறது. ஏஜியன் கடலில் தீவுகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டிருந்ததால் பொழுது போனதே தெரியவில்லை.

கப்பலில் படித்தது கிரேக்க வரலாற்றாசிரியர் துசிடிடீஸின் ஒரு பக்கம். கி.மு. 426ஆம் ஆண்டில் யூபியாவை ஒட்டிய கரைகளில் கடல் பின்வாங்கிப் பின்னர் பெருக்கெடுத்து வந்ததையும், அட்லாந்தி என்னும் சிறு தீவில் ஏதென்ஸின் கோட்டையில் ஒரு பகுதியை அது அடித்துச் சென்றதையும் அவர் பதிவு செய்கிறார். பெயரிலுள்ள ஒற்றுமையை ஆய்வாளர் பலர் சுட்டியிருக்கிறார்கள். எனக்கு அதைவிட முக்கியமாகப் பட்டது, அதற்கு அவர் சொல்லும் காரணம். நிலநடுக்கம் கடுமையாக இருந்த இடத்தில் கடல் பின்னுக்கு இழுக்கப்பட்டு, பிறகு இரட்டிப்பு வேகத்தில் திரும்பி வெள்ளத்தை உண்டாக்குகிறது, நிலநடுக்கம் இல்லாமல் இப்படி நடக்காது என்கிறார். தேவர்களையோ பாவங்களையோ இழுக்காமல், கண்டதைக் கொண்டு காரணத்தைத் தேடிய இந்த மனிதர் பிளாட்டோவுக்கு முந்தைய தலைமுறையைச் சேர்ந்தவர்.

வியாழன், ஃபிரா

கப்பல் நேற்று மாலை சாந்தோரினியின் கால்டெராவுக்குள், அதாவது எரிமலை சரிந்து உண்டான பெரும்பள்ளத்துக்குள், நுழைந்தபோது பயணிகள் அனைவரும் மேல்தளத்துக்கு வந்துவிட்டார்கள். ஏறத்தாழ 11 கிலோமீட்டர் நீளமும் 7 கிலோமீட்டர் அகலமும் கொண்ட கடற்பரப்பு. அதைச் சூழ்ந்து 300 மீட்டர் வரை செங்குத்தாக எழும் பாறைச் சுவர். அதன் உச்சியில் வெள்ளை வீடுகள். சுவர் நீருக்கு மேலே எழும் உயரத்தைவிட நீருக்குக் கீழே போகும் ஆழம் இன்னும் அதிகம். தீரா (சாந்தோரினியின் மற்றொரு பெயர்), தீரசியா, அஸ்ப்ரோனிசி ஆகிய மூன்று தீவுகளும் வெடித்துச் சரிந்த ஓர் எரிமலையின் விளிம்பில் எஞ்சிய துண்டுகள். நடுவிலிருக்கும் கரிய தீவுகள் இரண்டும் பின்னர் கடலிலிருந்து எழுந்தவை.

தீவின் முதன்மை ஊரான ஃபிராவின் விளிம்பிலிருந்து பாறைச் சுவரைப் பார்த்தாலே அதன் வரலாறு தெரிகிறது. கருப்பும் சிவப்பும் பழுப்புமாக அடுக்கடுக்காகக் கிடக்கும் பழைய குழம்புப் பாறைகளின் மேல், எல்லாவற்றுக்கும் மூடிபோல, வெண்மையான ஒரு படலம் கிடக்கிறது. கி.மு. 1600 அளவில் நிகழ்ந்த வெடிப்பின் எச்சம் அது. கடந்த பத்தாயிரம் ஆண்டுகளில் உலகம் கண்ட மிகப்பெரிய வெடிப்புகளில் ஒன்றாக அதை எண்ணுகிறார்கள். அதன் சாம்பல் கிரீட், துருக்கி வரை சென்று படிந்திருக்கிறது. 2006ஆம் ஆண்டில் வெளியான ஓர் ஆய்வு, இந்தப் படலத்தில் புதைந்திருந்த ஓர் ஒலிவக் கிளையைக் கொண்டு வெடிப்பைக் கி.மு. 1627க்கும் 1600க்கும் இடையில் வைத்தது. ஆனால் காலக்கணிப்பு பற்றிய வாதம் இன்னும் ஓயவில்லை.

இந்தத் தீவே அட்லாண்டிஸ் என்பவர்கள் காட்டும் சான்றுகளை நேரில் வைத்துப் பார்ப்பது நல்லது. பிளாட்டோ வெள்ளை, கருப்பு, சிவப்புக் கற்களைச் சொல்கிறார்; இங்கே மூன்று நிறங்களும் இருக்கின்றன. அவர் வெந்நீர் ஊற்றுகளைச் சொல்கிறார். இங்கே அவையும் உண்டு. வட்ட வடிவமான நிலமும் நீரும் உண்டு. கேட்கும்போது கவர்ச்சியாகத்தான் இருக்கிறது. ஆனால் எந்த எரிமலைத் தீவிலும் இந்த நிறங்களும் ஊற்றுகளும் கிடைக்கும். பிளாட்டோவின் தீவு ஜிப்ரால்டருக்கு அப்பால் இருந்தது, லிபியாவும் ஆசியாவும் சேர்ந்த நிலப்பரப்பைவிடப் பெரியது, ஏதென்ஸுக்குச் சட்டம் வகுத்த சோலோனுக்கு 9000 ஆண்டுகள் முன்னர் அழிந்தது. இடத்தையும் அளவையும் காலத்தையும் மாற்றிக்கொண்ட பிறகுதான் பொருந்துகிறது என்றால், அதைப் பொருத்தம் என்று என்னால் ஏற்க முடியவில்லை. அந்தத் தீவைப் படைத்தவனே அதை மறையவும் செய்தான் என்ற பழைய கூற்றொன்றை ஸ்ட்ராபோ எடுத்துச் சொல்கிறார். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே தெளிவாகப் பார்த்தவர்கள் இருந்திருக்கிறார்கள்.

உண்மையில் நடந்தது அந்தக் கற்பனையைவிட விரிவானது. முதலில் சிறு அளவில் சாம்பல் தூவியிருக்கிறது. பின்னர் பல கிலோமீட்டர் உயரத்துக்கு எழுந்த தூணிலிருந்து நுரைக்கல் மழையாகக் கொட்டியது. வாய் அகன்று கடல்நீர் உள்ளே புகுந்தபோது, நீராவி வெடிப்புகள் பாறைகளைச் சுக்குநூறாக்கி வீசின. இறுதியில் கொதிக்கும் சாம்பலும் வாயுவும் பெருக்காகச் சரிந்து கடலுக்குள் பாய்ந்தன. இந்தப் பெருக்குகள் கடலுக்குள் புகுந்ததே ஆழிப்பேரலைகளுக்குக் காரணம் என்றும், எரிமலை சரிந்தபோது கால்டெரா கடலோடு இணைந்திருக்கவில்லை என்றும், வெடிப்பு முடிந்த பின் வடமேற்கே கரை உடைந்து கடல்நீர் உள்ளே பாய்ந்து இரண்டு நாள்களுக்குள் அதை நிரப்பியிருக்கும் என்றும் 2016ஆம் ஆண்டின் ஆய்வு ஒன்று கடலடி நில அமைப்பைக் கொண்டு காட்டியது. பிளாட்டோவின் ஒரு பகலும் ஓர் இரவும் உடனே நினைவுக்கு வருகின்றன. ஆயினும் அந்த நீர்வீழ்ச்சியை நின்று பார்த்து, ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆண்டுகளுக்கு அப்பால் சொல்லி அனுப்ப இந்தத் தீவில் ஒருவரும் உயிரோடு இருந்திருக்க முடியாது.

வெள்ளி, அக்ரோதிரி

இந்தப் பயணம் முழுவதையும் நியாயப்படுத்தும் இடம், சாந்தோரினியில் அந்த வெடிப்பின் சாம்பலுக்கடியில் புதைந்திருந்த இந்தப் பண்டைய நகரம்தான்.

1860களில் சூயெஸ் கால்வாய் வேலைக்காக இந்தத் தீவுகளின் எரிமலை மண்ணை வெட்டி எடுத்தார்கள். சுண்ணாம்புடன் கலந்தால் நீருக்கடியிலும் இறுகும் மண் இது. அப்போது தீரசியாவில் சாம்பலுக்கு அடியில் வீட்டுச் சுவர்கள் வெளிப்பட்டன. கிரீட் தீவில் அம்னிசோஸ் என்ற இடத்தை அகழ்ந்தபோது நுரைக்கல்லைக் கண்ட தொல்லியலாளர் ஸ்பிரிடோன் மரினாட்டோஸ், கிரீட்டின் பண்டைய மினோவ நாகரிகத்தை வீழ்த்தியது இந்த வெடிப்பே என்று 1939ஆம் ஆண்டில் எழுதினார். அந்தக் கருத்து அப்படியே நிற்கவில்லை. கிரீட்டின் அரண்மனைகள் அழிந்தது வெடிப்புக்கு ஏறத்தாழ நூற்றைம்பது ஆண்டுகளுக்குப் பிறகு. ஆனால் அந்தக் கருத்தைத் தொடர்ந்து சென்றதால்தான் அவர் 1967இல் அக்ரோதிரியில் தோண்டத் தொடங்கினார். 1974இல் அகழாய்வுக் களத்திலேயே இறந்தார். பிறகு கிறிஸ்டோஸ் டூமாஸ் நெடுங்காலம் அப்பணியை நடத்தினார்.

பெரிய கூரையின் கீழ், மரப்பலகைப் பாதையில் நடந்தால், இருபுறமும் இரண்டு மூன்று மாடி வீடுகள். கதவுச் சட்டங்கள், சன்னல்கள், தெருவுக்கடியில் ஓடும் கழிவுநீர்க் கால்வாய், மாடியிலிருந்து அதற்குள் இறங்கும் குழாயுடன் ஒரு கழிப்பறை. மூவாயிரத்து அறுநூறு ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு தெருவில் நடக்கிறோம் என்பதை மனம் ஏற்கச் சற்று நேரம் பிடிக்கிறது.

டெல்டா என்று பெயரிட்ட கட்டடத்தின் கற்படிக்கட்டு முன்னால் நெடுநேரம் நின்றேன். ஒவ்வொரு படியும் நடுவில் ஒடிந்திருக்கிறது. எரிமலை அதை ஒடிக்கவில்லை; வெடிப்புக்கு முன்னர் வந்த நிலநடுக்கம் ஒடித்தது. அந்த நிலநடுக்கத்துக்குப் பிறகு மக்கள் நகரை விட்டு வெளியேறியிருக்கிறார்கள். பிறகு அவர்களில் சிலர் திரும்பி வந்திருக்கிறார்கள். வந்தவர்கள் இடிந்த கற்களைத் தெருவிலிருந்து அகற்றி ஒழுங்காகக் குவித்தார்கள். பயன்படக்கூடிய தாழிகளையும் பாத்திரங்களையும் இடிபாடுகளிலிருந்து எடுத்து ஒருபுறம் அடுக்கினார்கள். கட்டில்களை வெளியே கொண்டுவந்து ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தார்கள். அந்தக் கட்டில்களின் மரம் மக்கிப் போய்விட்டது. சாம்பலில் அவை விட்டுச் சென்ற வெற்றிடத்தில் சாந்து ஊற்றி வார்த்தெடுத்ததால், கால்களும் சட்டமும் அப்படியே கிடைத்திருக்கின்றன. ஓர் அறையில் சுவருக்குப் பூச இருந்த சாந்தும் வண்ணமும் பாத்திரங்களில் இருந்தன. மறுபடியும் குடியேறும் எண்ணத்துடன்தான் வேலை நடந்திருக்கிறது. அதன் நடுவில் முதல் சாம்பல் விழத் தொடங்கியது.

இதுவரை தோண்டிய பகுதியில் அந்த வெடிப்பில் இறந்த ஒருவருடைய உடல்கூடக் கிடைக்கவில்லை. கி.பி. 79இல் அழிந்த பொம்பெயியிலிருந்து இந்த ஊர் வேறுபடுவது இதில்தான். நிலநடுக்கங்களும் முதற்சாம்பலும் எச்சரித்ததால் நகரத்தார் விலையுயர்ந்த பொருள்களை எடுத்துக்கொண்டு புறப்பட்டிருக்கிறார்கள். பொன்னாலான பொருள் என்று சொல்ல, 1999இல் ஒரு மரப்பேழைக்குள் கிடைத்த சிறு வரையாட்டு உருவம் மட்டுமே பெரிதாகப் பேசப்படுகிறது.

அட்லாண்டிஸில் இல்லாதது எதுவோ அது இங்கே கண்முன் கிடக்கிறது. அழிவின் விளிம்பில் நின்ற மக்கள் என்ன செய்தார்கள் என்பதுதான் அது. அவர்கள் கல்லைப் பொறுக்கினார்கள், தாழிகளை அடுக்கினார்கள், கட்டிலை வெளியே போட்டார்கள். செருக்கைப் பற்றியோ தண்டனையைப் பற்றியோ பேச இந்தத் தெருவில் எனக்கு எந்தச் சான்றும் தென்படவில்லை. சுவர்களில் அவர்கள் வரைந்திருந்தவை மீன்களைக் கோத்துப் பிடித்து நிற்கும் இளைஞன், குத்துச்சண்டையிடும் சிறுவர்கள், அல்லிகளுக்கு மேல் பறக்கும் குருவிகள், ஊரிலிருந்து ஊருக்குச் செல்லும் கப்பல்கள். அவற்றில் சிலவற்றை ஏதென்ஸ் தேசிய அருங்காட்சியகத்தில் பார்க்கலாம்.

சனி, நேயா கமேனி

காலையில் படகில் நடுத்தீவுக்குச் சென்றோம். புல் பூண்டு அரிதான கரிய பாறைக் குவியல்களின் நடுவே பாதை மேலேறுகிறது. உச்சிப் பள்ளத்தின் ஓரத்தில் சில விரிசல்களிலிருந்து மெல்லிய ஆவி வருகிறது. கையை அருகில் கொண்டுபோனால் வெம்மையும் கந்தக வாடையும் தெரிகின்றன. 1707இல் கடலிலிருந்து எழத் தொடங்கிய இந்தத் தீவு 1866 முதல் 1870 வரை நடந்த வெடிப்பில் பெரிதாகியது. கடைசியாக வெடித்தது 1950இல். பக்கத்திலுள்ள பழைய கமேனியின் கரையில் இரும்பு கலந்த வெந்நீர் கடலைச் செம்மஞ்சளாக்குகிறது. பயணிகள் படகிலிருந்து குதித்து அதில் நீந்துகிறார்கள்.

அவர்கள் மகிழ்ச்சியில் எனக்குக் குறையில்லை. ஆனால் இந்தக் கடல் அண்மையில் செய்தவற்றையும் அறிந்திருக்க வேண்டும். 1650இல் தீவுக்கு வடகிழக்கே கடலடியில் கொலும்போ எரிமலை வெடித்தபோது, தீராவில் ஏறத்தாழ 70 பேர் பெரும்பாலும் வாயுவால் இறந்தார்கள். 1956 ஜூலை 9 அன்று நேர்ந்த பெரும் நிலநடுக்கத்தில் 53 பேர் இறந்தார்கள். இன்று படங்களில் நாம் காணும் ஓயா என்னும் ஊர் அன்று பெருமளவு இடிந்துபோனது. 2025 தொடக்கத்தில் ஆயிரக்கணக்கான நில அதிர்வுகள் தொடர்ந்து வந்ததால் பள்ளிகளை மூடி, 11,000க்கும் மேற்பட்டோர் கப்பலிலும் விமானத்திலும் தீவை விட்டு வெளியேறினார்கள். பாறைக்குழம்பு நிலத்தடியில் பக்கவாட்டாக நகர்ந்ததே அதற்குக் காரணம் என்று பின்னர் வந்த ஆய்வு விளக்கியது. நான் தங்கியிருக்கும் வீட்டு அம்மாவும் அப்போது ஏதென்ஸுக்குப் போய்விட்டுச் சில வாரங்கள் கழித்துத் திரும்பியவர். “கதவைப் பூட்டும்போது அடுப்பங்கரையை ஒருமுறை துடைத்துவிட்டுத்தான் கிளம்பினேன்” என்றார்.

ஞாயிறு, ஃபிரா

கப்பலுக்கு நேரம் இருந்ததால், நகருக்குத் தெற்கே கைவிடப்பட்ட ஒரு நுரைக்கல் வெட்டுச் சுவரைப் பார்க்கச் சென்றேன். அடியில் பழைய மண்ணின் பழுப்புக் கோடு. அன்றைய மக்கள் நடந்த தரை அதுதான். அதன் மேல் விரலளவு சாம்பல். அதன் மேல் பல மீட்டர் உயரத்துக்கு நுரைக்கல், பிறகு பாறைத் துண்டுகள் பொதிந்த வெண்சாம்பல். உதிர்ந்து கிடந்த ஒரு நுரைக்கல்லை உள்ளங்கையில் வைத்தால் எடையே தெரியவில்லை. உருகிய பாறையிலிருந்த வாயு வெளியேறும்போது விட்டுச் சென்ற துளைகள் அதன் மேலெங்கும் இருந்தன. மேலடுக்கில் ஒரு பாறைத் துண்டு விழுந்த வேகத்தில் கீழிருந்த சாம்பல் வரிகளை வளைத்து அழுத்தியிருந்தது. இத்தகைய துண்டுகளில் சில, ஆழமற்ற நீரில் நுண்ணுயிரிகள் அடுக்கடுக்காகப் படியவிட்ட சுண்ணப் பாறைகள். வெடிப்புக்கு முன்னரே இங்கே ஒரு பழைய கால்டெராவும் அதற்குள் நீரும் இருந்தன என்பதற்கு அவை சான்று.

மதியம் தொல்பழங்காலத் தீரா அருங்காட்சியகத்தில் அந்தப் பொன் வரையாட்டையும் நீல நிறக் குரங்குகளின் ஓவியத்தையும் பார்த்தேன். ஆனால் மனம் இங்கில்லாத ஒருவரையே சுற்றிக்கொண்டிருந்தது. துருக்கியின் மேற்குக் கரையில் செஷ்மே என்ற ஊரில், இந்த வெடிப்பின் ஆழிப்பேரலை கொண்டுவந்து குவித்த இடிபாடுகளுக்குள் ஓர் இளைஞரின் எலும்புக்கூடு கிடைத்த செய்தி 2021 இறுதியில் வெளியானது. அருகில் ஒரு நாயின் எலும்புகளும் இருந்தன. அந்த இடிபாடுகளின் மேல் ஆங்காங்கே ஒழுங்கற்ற குழிகள் காணப்படுகின்றன. அலை வடிந்த பிறகு உயிர் தப்பியவர்கள் உள்ளே சிக்கியவர்களைத் தேடித் தோண்டியவையாக இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். அந்த இளைஞர் கிடந்தது அப்படிப்பட்ட ஒரு குழிக்குச் சுமார் ஒரு மீட்டர் கீழே. ஹெலிகிக்கு அனுப்பப்பட்ட 2000 பேருக்கும் இந்தக் குழியைத் தோண்டியவர்களுக்கும் இடையே ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆண்டுகள் இருக்கின்றன. செய்த வேலை ஒன்றுதான்.

அக்ரோதிரியில் உடல்கள் இல்லாததால் அந்த மக்கள் அனைவரும் தப்பிவிட்டார்கள் என்று வழிகாட்டி ஒருவர் நேற்று முன்தினம் உறுதியாகச் சொன்னார். அப்படியே இருக்க வேண்டும் என்றுதான் நானும் விரும்புகிறேன். ஆனால் அகழ்ந்திருப்பது நகரின் சிறு பகுதியை மட்டுமே; கப்பலுக்காக மக்கள் கூடியிருக்கக்கூடிய துறைமுகப் பகுதி இன்னும் சாம்பலுக்கு அடியில்தான் இருக்கிறது. வெளியேறிய கப்பல்கள் எவ்வளவு தொலைவு போயின என்பதற்கும் இதுவரை தடயம் இல்லை. அதைத் தோண்டிப் பார்க்கும் வரை, அவர்கள் தப்பினார்கள் என்றோ அழிந்தார்கள் என்றோ எழுத எனக்கு உரிமை இல்லை.